வாள் இடது இடுப்பில்தான்

மொன்றியல்,
2007 இலையுதிர் காலம்

பிள்ளை,

உன் இரண்டு பெட்டிகளும் வாசலுக்கு வந்துவிட்டன. அம்மா ஒன்றைத் திறந்து மிளகாய்த்தூளை வைக்கிறாள், நீ அதை எடுத்து வெளியே வைக்கிறாய், நீ அந்தப் பக்கம் போனதும் அவள் திரும்ப உள்ளே வைக்கிறாள். காலையிலிருந்து இதுதான் நடக்கிறது. இதில் யார் வெல்வார்கள் என்று எனக்குத் தெரியும், டோக்கியோவில் பெட்டியைத் திறக்கும்போது உனக்கும் தெரிந்துவிடும். நடுவில் நான் வாய் திறந்தால் இரண்டு பேரும் சேர்ந்து என்மேல் பாய்வீர்கள் என்பதால் குசினியில் அடுப்புக்குப் பக்கத்து மேசையில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். நேரிலேயே சொல்லலாம்தான். ஆனால் இந்த வீட்டில் நான் ஒரு வசனத்தைத் தொடங்கினால் உன் அம்மா அதை முடித்து வைப்பாள், முடிந்த பிறகு பார்த்தால் அது என் வசனமாக இருக்காது. எழுதினால் முற்றுப்புள்ளியாவது என் கையில் இருக்கும். நாளை நீ ஜப்பானுக்குப் போகிறாய், ஒரு பத்திரிகைக்காக உன் வாள்வீரன் கதையை வரையப் போகிறாய் என்று எழுதும்போதே எனக்கு நெஞ்சு நிமிர்கிறது. பிள்ளையை வெளிப்படையாகப் புகழக்கூடாது, கண்பட்டுவிடும் என்று அம்மா சொல்வாள். படட்டும். நான் புகழத்தான் போகிறேன்.

நீ உயர்பள்ளியில் படித்த காலத்தில் வில்லரே நூலகத்திலிருந்து பை நிறையப் புத்தகங்களோடு வீட்டுக்கு வந்தது நினைவிருக்கிறது. பிரெஞ்சில் மொழிபெயர்த்த ஜப்பானியப் படக்கதைகள். மங்கா என்றாய், அதிலும் சாமுராய் மங்கா என்றாய். நமக்குக் கடைசிப் பக்கம் எதுவோ அங்கே தொடங்கி, வலப்பக்கமிருந்து இடப்பக்கமாக வாசித்துக்கொண்டு போனாய். என்னதான் அப்படி வாசிக்கிறாய் என்று நான் ஒன்றைப் புரட்டினேன். குடுமி கட்டிய ஒருவன் வாளில் கைவைத்து நிற்கிறான், கொஞ்சம் தள்ளி நாலுபேர் விழுந்து கிடக்கிறார்கள். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. "இந்த வெட்டுக் குத்து வேண்டாமெண்டுதானே உன்னையும் தூக்கிக்கொண்டு இஞ்ச ஓடி வந்தனாங்கள்! நீ என்னடா எண்டால் அதை லைப்ரரியில எடுத்து வீட்டுக்குள்ள கொண்டு வாறாய்" என்று கத்தினேன். நீ பயப்படவும் இல்லை, பதிலுக்குக் கத்தவும் இல்லை. புத்தகத்தை என் முன்னால் விரித்து வைத்தாய். "வெட்டுறதை எங்க படமாக் கீறியிருக்கு அப்பா? காட்டுங்கோ" என்றாய்.

தேடினேன். ஒரு படக் கட்டத்துக்குள் கை வாள்பிடியை நோக்கிப் போகிறது. அடுத்தது முழுப்பக்கப் படம், காற்றில் சாய்ந்த புல் மட்டும். அதற்கடுத்த கட்டத்தில் வாள் உறைக்குள் திரும்பிவிட்டது. வெட்டு எங்கேயும் இல்லை. "கட்டத்துக்கும் கட்டத்துக்கும் நடுவில வெள்ளையா ஒரு இடைவெளி இருக்கெல்லே, அதுக்குள்ளதான் அது நடக்குது. கீறினவர் வெட்டேல்லை. வாசிச்ச நீங்கள்தான் வெட்டினனீங்கள்" என்று சொன்னாய். மறுமொழி வராத நேரங்களில் வழக்கமாகச் செய்வதைச் செய்தேன், தேத்தண்ணி போடச் சொல்லி அம்மாவைக் கூப்பிட்டேன். ஆனால் அன்றிலிருந்து நீ வைத்துவிட்டுப் போகும் புத்தகங்களை நான் களவாகப் பார்க்கத் தொடங்கினேன் என்பது உனக்குத் தெரியாது. ஓடுகிறவனின் பின்னால் இழுத்த கோடுகளைப் பார்த்தால் மூச்சு வாங்குகிறது. ஒரு துளி மழை கூரை விளிம்பிலிருந்து விழுவதற்கு ஒரு முழுப்பக்கத்தைக் கொடுத்திருக்கிறார்கள். பக்கம் பக்கமாக ஒருவரும் ஒரு வார்த்தை பேசுவதில்லை. இவ்வளவு தாளும் வீண் என்று நான் குறைசொன்னபோது, "கதைக்காமல் இருக்கேக்கதான் அப்பா ஒரு ஆள் ஆரெண்டு தெரியும்" என்றாய். அது எனக்குப் போட்ட குத்து என்றுதான் அம்மா இன்றுவரை சொல்கிறாள்.

பிறகு நீயே வரையத் தொடங்கினாய். கல்லூரி முடிந்து வேலைக்குப் போன பிறகும் மாலைகளில் அந்தச் சின்ன அறையில் மை தொட்டு எழுதும் பேனாவும் தூரிகையுமாக உட்கார்ந்திருந்தாய். நிழலுக்கென்று புள்ளி போட்ட மெல்லிய தாள்களைக் கத்தியால் வெட்டி ஒட்டுவாய், வெட்டிய துண்டுகள் என் காலுறையில் ஒட்டிக்கொண்டு நான் வேலை செய்யும் துறைமுகத்தடிப் பண்டகசாலை வரைக்கும் என்னோடு வரும். உன் கதை எனக்குப் பிடித்திருந்தது. தன் அண்ணனைக் கொன்றவனைத் தேடி ஒரு வாள்வீரன் மலையடியில் இருக்கும் ஓர் ஆற்றங்கரைக்கு வருகிறான். கொன்றவன் இப்போது அங்கே ஓடக்காரன். அந்த ஆற்றை வரைவதற்காக, பனி உடைந்து மிதக்கிற காலத்தில் என்னைச் சென் லோரன்ஸ் ஆற்றுக் கரைக்குக் காரோட்ட வைத்து, குளிரில் நின்று படம் கீறினாய். உன் ஜப்பானிய ஆற்றில் மிதப்பது எங்கள் மொன்றியல் பனிக்கட்டி என்பது எத்தனை பேருக்குத் தெரியப் போகிறது!

அந்த வாள்வீரனுக்கு உடம்பு கொடுத்தவன் நான் என்பதையும் இங்கே எழுதி வைக்கிறேன், பின்னாளில் நீ மறுக்கக்கூடாது. குளியல் அங்கியைப் போர்த்தி, நிலம் துடைக்கிற தடியை இடுப்பில் செருகி, எங்கள் பார்க் எக்ஸ்டென்ஷன் வீட்டின் முன்னறையில் நான் நின்ற நிலைகள் கொஞ்சமா? "காலை அகட்டி நில்லுங்கோ அப்பா. தோளை இறக்குங்கோ. சிரிக்காதேங்கோ." நான் தடியை உருவிப் பாய்ந்தபோது கீழ்வீட்டுக் கிரேக்கக் கிழவர் தன் வீட்டு உட்கூரையில் தட்டினார். ஒருநாள் அங்கியை வலப்புறம் மேலே வரக் கட்டிவிட்டேன். நீ பேனாவை வைத்துவிட்டு எழுந்து வந்து அதை அவிழ்த்து, இடப்புறம் மேலே வரும்படி மாற்றிக் கட்டிவிட்டாய். "இடதுதான் மேல வரவேணும். வலது மேல வந்தால் அது செத்த ஆளுக்கு உடுத்துறது." அடுப்படியிலிருந்து அம்மா, "வெள்ளிக்கிழமையும் அதுவுமா என்ன கதை கதைக்கிறாய்!" என்று அதட்டினாள். நீ என் இடுப்பிலிருந்த தடியைச் சரிசெய்துகொண்டே, "வாள் எப்பவும் இடது இடுப்பிலதான். அந்தக் காலத்தில எல்லாரும் வலது கையாலதான் உருவுவினம். இதில பிழைவிட்டால் அது சாமுராய் இல்லை, வேசம் போட்ட ஆள்" என்றாய். உன் கை என் தோளில் இருந்ததும், நீ அதைச் சொன்ன நிச்சயமும் எனக்குப் பிடித்திருந்தன.

சரி, இனி அந்தச் சண்டைக்கு வருகிறேன். நீ தப்ப முடியாது. இங்குள்ள ஒரு சிறிய பிரெஞ்சுப் பதிப்பகம் உன் கதையைப் புத்தகமாகப் போட ஒப்புக்கொண்ட செய்தியைத் தொலைபேசியில் சொன்னாய். நான் உடனே சப்பாத்தை மாட்டிக்கொண்டு இறங்கிவிட்டேன். கடைக்கார அண்ணையிடம் சொன்னேன், கோயிலில் அர்ச்சனை செய்யப்போய் ஐயருக்கே கதைச் சுருக்கத்தைச் சொன்னேன், வேலையிடத்தில் கேக் வெட்டினேன். பதிப்பகத்துக்குப் போய்விட்டு நீ திரும்பி வரும்போது வீட்டில் நாலு குடும்பம் உட்கார்ந்திருந்தது. எல்லோரும் போகும்வரை சிரித்துக்கொண்டிருந்துவிட்டு, கதவைச் சாத்தியதும், "நான் அவைக்கு மாட்டன் எண்டு சொல்லியிட்டன் அப்பா" என்றாய்.

அந்தப் பதிப்பாசிரியை கேட்டது ஒன்றே ஒன்றுதான். நீ படித்துப் பழகிய மாதிரியே வலமிருந்து இடமாக வரைந்திருந்தாய். அவர்களுடைய வாசகர்கள் இடமிருந்து வலமாக வாசிக்கிறவர்கள். ஒவ்வொரு பக்கத்தையும் கண்ணாடியில் தெரிவதுபோலத் திருப்பிப் போட்டால் வேலை முடிந்தது.

"ஒரு பின்னேரத்தில கொம்பியூட்டர் செய்துபோடும் எண்டு அந்த மனிசி சொல்லுறாவெல்லே, உனக்கென்ன நட்டம்?" என்று கேட்டேன்.

"வாள் வலது இடுப்புக்குப் போயிடும் அப்பா. எல்லாரும் இடது கையால உருவுவினம். உடுப்பெல்லாம் வலது மேல வந்திடும். கதை முழுக்கச் செத்த ஆக்கள் நடந்து திரிவினம்."

"இஞ்ச இருக்கிற சனத்துக்கு அது தெரியுமே?"

"எனக்குத் தெரியும்."

"ஊரெல்லாம் சொல்லிப்போட்டன் பிள்ளை! இனி நான் என்ன முகத்தோட வெளியில போறது?"

"நான் சொல்லச் சொன்னனானே?" என்று கேட்டுவிட்டு உன் அறைக்குள் போய்விட்டாய்.

நான் இப்போது மன்னிப்புக் கேட்பேன் என்று எதிர்பார்க்காதே. முதல் புத்தகம், கேட்டு வந்த வாய்ப்பு, அதை ஓர் உடுப்பின் மடிப்புக்காக உதறித்தள்ளுகிற பிள்ளையிடம் எந்தத் தகப்பன் கோபப்பட மாட்டான்? கோபம் நியாயமானதுதான். ஆனால் அது எப்படி இறங்கியது என்பதை உனக்கு இதுவரை சொல்லவில்லை. அந்தக் கிழமைதான் ரொறன்ரோவிலிருந்து உன் மாமி, என் அக்கா, வந்திருந்தா. நீ வேலைக்குப் போயிருந்தாய். நீ பெரியபிள்ளையானபோது செய்த சாமத்திய வீட்டு அல்பத்தை அக்கா கேட்டா. அதில் அந்தப் படம் இருக்கிறதே, நடுவில் குத்துவிளக்கு, இரண்டு பக்கமும் நீயே நின்று உன்னையே பார்க்கிற படம். படம்பிடித்த பொடியன் நெகட்டிவைத் திருப்பிப் போட்டு அச்சடித்து அந்தப் பக்கத்தைச் சோடித்திருந்தான். வீட்டுக்கு வந்த எல்லோரும் அந்தப் பக்கத்தைத்தான் மெச்சினார்கள். நீ மட்டும் அதைப் பார்க்க மாட்டேன், அது நான் இல்லை என்று அழுதாய். உனக்கு எதிலும் குறைதான் என்று நாங்கள் சிரித்தோம். அக்கா அந்தப் பக்கத்தை விளக்குக்கு நேரே பிடித்து, கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தா. "தம்பி, இந்தப் பக்கம் நிக்கிறது ஆர்? எங்கட பிள்ளை மாதிரித்தான் கிடக்கு, ஆனா எங்கட பிள்ளை இல்லை" என்றா.

வாங்கிப் பார்த்தேன். சேலைத் தலைப்பு வலது தோளில் கிடந்தது. வெளிப்படிக்கட்டில் பனியில் வழுக்கி விழுந்தபோது உன் வலது புருவத்தில் பட்ட வடு, இடது புருவத்தில் இருந்தது. வகிடு மாறியிருந்தது. நான் பெற்று வளர்த்த பிள்ளையின் முகம், ஆனால் அந்தப் பெண்ணை எனக்குத் தெரியாது. இத்தனை வருடம் அந்தப் படத்தைத்தான் எல்லோருக்கும் விரித்துக் காட்டியிருக்கிறேன். உன் வாள்வீரனை நீ வரி வரியாக வளர்த்திருக்கிறாய். அவனைத் திருப்பிப் போட்டால் உனக்கு எப்படி இருக்கும் என்று அப்போதுதான் உறைத்தது. நீ வேலையால் வந்ததும் அறை வாசலில் நின்று, "அவனைத் திருப்ப விடாதை பிள்ளை" என்றேன். நீ என்னை ஏற இறங்கப் பார்த்து, "உங்களுக்கு என்ன நடந்தது? காய்ச்சலோ?" என்று கேட்டாய்.

நீ பதிப்பகத்துக்குத் திரும்பிப் போனாய். கண்ணாடியாகத் திருப்ப விடமாட்டேன், ஆனால் முழுக் கதையையும் இடமிருந்து வலமாக என் கையால் திரும்ப வரைந்து தருகிறேன், காத்திருப்பீர்களா என்று கேட்டாய். அந்த அம்மையாருக்கு மடிப்பும் தெரியாது, இடுப்பும் தெரியாது. உன்னை நம்பினார், காத்திருந்தார். பிள்ளை, நீ சொல்வது விளங்காமலே உன்னை நம்புகிற மனிதர்கள் வாழ்க்கையில் அதிகம் பேர் வரமாட்டார்கள். டோக்கியோவிலிருந்து அவருக்கு டிசம்பரில் நத்தார்ப் பண்டிகைக்கு ஒரு வாழ்த்தட்டை அனுப்பு. மறந்தால் நான் ஞாபகப்படுத்துவேன்.

திரும்ப வரைவது என்றால் அதையே பார்த்து வரைவது என்றுதான் நான் நினைத்திருந்தேன். தடியும் அங்கியுமாக மறுபடி நின்றபோதுதான் சங்கதி விளங்கியது. பழைய பக்கங்களில் வாள்வீரன் இடப்பக்கம் பார்த்து நடந்தான், அதனால் இடது இடுப்பிலிருந்த வாள் முதல் படத்திலிருந்தே எல்லோருக்கும் தெரிந்தது. வாசிக்கிற திசையோடு போக, இப்போது அவன் வலப்பக்கம் பார்த்து நடக்க வேண்டும். என்னை அறையின் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்கு நடக்கவிட்டுப் பார்த்த நீ திடீரென்று, "அப்பா, தடியைக் காணேல்லை!" என்றாய். உடம்பு மறைத்துவிட்டது. நான் அங்கியை ஒதுக்கித் தடியைக் காட்டப் போனேன். "வேண்டாம், வேண்டாம், அப்பிடியே நில்லுங்கோ" என்று கத்தினாய். வாள் தெரியாத அந்தப் பக்கத்திலிருந்தே என்னைத் திரும்பத் திரும்பக் கீறினாய். என் கால் விறைத்தது, ஆனால் உன் முகத்தைப் பார்த்ததால் நானும் அசையவில்லை. உனக்குள் கதை மாறிக்கொண்டிருந்தது என்பது எனக்குப் பிறகுதான் தெரியும்.

புத்தகம் வந்து, ஒரு புத்தகக் கடையில் அதை வெளியிட்ட அன்று, ஒரு மூலையில் கதிரையைப் போட்டு முதல் பக்கத்திலிருந்து வாசித்தேன். ஒரு வழிப்போக்கன் ஆற்றங்கரைக்கு வருகிறான். ஓடக்காரனோடு பழகுகிறான், உடைந்த ஓடத்தைச் சேர்ந்து திருத்துகிறான், அவன் பிள்ளைக்கு மீன் பிடிக்கப் பழக்குகிறான். கடைசிப் பக்கத்தில் ஓடக்காரனிடம் விடைபெற்று, வந்த வழியே போகத் திரும்புகிறான். திரும்பும்போதுதான் இடது இடுப்பு முதன்முதலாக எங்கள் பக்கம் வருகிறது. வாள் இருக்கிறது. உருவ முடியாதபடி பிடியையும் உறையையும் சேர்த்துக் கயிற்றால் கட்டியிருக்கிறான். அவன் எதற்கு வந்தவன் என்பது அப்போதுதான் விளங்குகிறது, ஏன் அப்படியே போகிறான் என்பதும். பழைய பக்கங்களில் அவன் வெட்டிவிட்டுத்தான் போவான். நான் சனத்துக்கு நடுவில் அழுதேன் பிள்ளை. தூசி என்று உன்னிடம் சொன்னது பொய். ஊரில் திரும்பவும் போர் தொடங்கி, எங்கள் இடங்களிலிருந்து என்ன மாதிரிச் செய்திகள் வந்துகொண்டிருக்கின்றன என்று உனக்குத் தெரியும். இந்த வருடத்தில் அந்தக் கயிற்றைக் கீறிய கை என் பிள்ளையுடையது என்று நினைத்து அழுதேன்.

ஆகவே அறிவுரை என்று பெரிதாக ஒன்றும் என்னிடம் இல்லை. நேரத்துக்குச் சாப்பிடு. ஞாயிற்றுக்கிழமைகளில் அம்மாவோடு கதை, மிளகாய்த்தூள் நல்லது என்று சொல். அங்கே உன்னைவிட நன்றாகக் கீறுகிறவர்கள் தெருவுக்குத் தெரு இருப்பார்கள், அதற்காகக் குறுகிப் போகாதே, அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து பார். யாராவது ஒரு பின்னேரத்தில் முடிகிற வேலை என்று சொன்னால் அதைக் கொஞ்சம் கவனமாகக் கேள். இதெல்லாம் உனக்கு நான் சொல்லியா தெரிய வேண்டும்?

போன மாதம் உன் புத்தகத்தைப் பார்த்துவிட்டு டோக்கியோப் பத்திரிகைக்காரர் எழுதிக் கேட்டது, வலமிருந்து இடமாக நீ முதலில் வரைந்த பக்கங்களைத்தான். அவர்களுக்கு அதுவே பொருந்தும், அது உன் கட்டிலுக்குக் கீழே தயாராக இருக்கிறது, அனுப்பினால் சரி. நீ மாட்டேன் என்று எழுதிவிட்டு வந்து என்னிடம் சொன்னாய். "அதில அவர் வெட்டுறார் அப்பா. இப்ப அவர் அந்த ஆள் இல்லை." அங்கே வந்து மூன்றாவது தரமாக வரைகிறேன் என்று அவர்களுக்கு எழுதியிருந்தாய். "ஆனா திரும்ப இடப்பக்கமா நடக்கப் போறார். முதல் படத்திலயே எல்லாருக்கும் வாள் தெரியும். தெரியிற வாளைக் கடைசி வரைக்கும் உருவாமல் வைச்சிருக்க வேணும். அதை என்னண்டு கீறுறதெண்டு எனக்கு இன்னும் தெரியாது."

"தெரியாமலோ போறாய்?" என்று கேட்டேன்.

"தெரியாதபடியாத்தான் போறன்" என்றாய்.

நீ அறைக்குள் போனதும் நான் சப்பாத்தை மாட்டிக்கொண்டு இறங்கினேன். கடைக்கார அண்ணையிடம் போனேன், ஐயரிடம் போனேன், அடுத்த நாள் வேலையிடத்தில் மேற்பார்வையாளனைப் பிடித்து நிறுத்தி எனக்குத் தெரிந்த உடைந்த பிரெஞ்சில் அவனுக்கும் சொன்னேன். கண்டவர் எல்லோரிடமும் இதைத்தான் சொன்னேன்: "ரெடியா இருக்கிறதைத் தா எண்டு ஜப்பான்காரன் கேட்டவன். என்ர மகள் மாட்டன் எண்டுட்டாள்."

உன் அப்பா